சிமெண்ட் வைத்த மெஷின்

வாஷிங் மெஷின் பீப் அடித்தால் அதன் வாயை அடைப்பது எப்படி என்று இப்போது பாடம் எடுக்கிறார்கள். நான் ஓய்வு பெற்று வந்த பிறகும் சர்வீஸ் சென்டர் ஆட்களின் போன் குழுவிலிருந்து என்னை நீக்கவில்லை. போன வாரம் அதில் ஒரு செய்தி வந்தது. இந்த இரண்டு பட்டனையும் சேர்த்து அழுத்திப் பிடித்தால் சத்தம் வராது, கஸ்டமரும் பிறகு கூப்பிடமாட்டார், புகாரை முடித்துவிடலாம் என்று ஒருவன் எழுதியிருந்தான். அதற்குக் கீழே வரிசையாகக் கட்டைவிரல்கள். ஒருவன் என்னையும் இழுத்து, "அண்ணாச்சி, ஒங்க காலத்துல சத்தத்த எப்பிடி நிறுத்துவிய?" என்று கேட்டிருந்தான்.

எனக்கு வந்த கோபத்தில் எதையோ தட்டிவிட்டு, அனுப்பாமல் அழித்தேன். கட்டைவிரலால் எழுதி முடிகிற விஷயம் இல்லை. அதனால் இங்கே எழுதுகிறேன். படிக்கிறவன் படிக்கட்டும்.

2004-இல் நாகர்கோவில் சர்வீஸ் சென்டரில் சேர்ந்தபோது எனக்கு நாற்பது தாண்டிவிட்டது. அதற்கு முன்னால் மிக்ஸி, கிரைண்டர், மோட்டார் காயில் கட்டுவது என்று கையைக் கருப்பாக்கிக்கொண்டிருந்தேன். மதுரையில் கொஞ்ச நாள் பயிற்சி கொடுத்தார்கள். குளிர்சாதன அறை, சுவரில் படம், மத்தியானம் பிரியாணி. ஊருக்குத் திரும்பி வந்து முதல் மெஷினின் முன்னால் நின்றபோது அந்தப் படங்களில் ஒன்றுகூட ஞாபகம் வரவில்லை. எனக்கு வேலை கற்றுத்தந்தவர் சென்டரின் இன்சார்ஜ் ஞானமணி சார். அவர் கற்றுத்தந்தது அத்தனையும் உண்மை. பின்னால் அவரைப் பற்றி நான் சொல்லப்போவதும் உண்மை.

சார் எந்நேரமும் வெள்ளை முழுக்கைச் சட்டைதான் போடுவார். தண்ணீரும் சோப்புமாக இருக்கிற வேலையில் அவர் சட்டைக் கை ஒருநாளும் நனைந்ததில்லை. ஒரு வீட்டுக்குப் போனால் முதலில் கைக்குட்டையை நான்காக மடித்து மெஷினின் மேல் வைப்பார், அதன்மேல் கண்ணாடியைக் கழற்றி வைப்பார். பிறகு கண்ணை மூடிக்கொண்டு, "ஓட்டுங்க" என்பார். குரல் உயரவே உயராது. அவர் சொல்வதைக் கேட்க நாம்தான் குனிய வேண்டும்.

போனவுடன் கருவிப் பையைத் திறக்கக்கூடாது என்பது அவருடைய முதல் விதி. சத்தம் எப்போது வருகிறது என்று கேட்கவேண்டும். ஓட ஆரம்பித்தவுடன் வந்தால் தண்ணீரோ கதவோ. தண்ணீர் வெளியே போகும்போது வந்தால் அடியில் இருக்கிற பம்பு. துணி பிழிகிற வேகத்தில் வந்தால் எடை ஒரு பக்கமாகச் சாய்கிறது. அப்புறம் குழாயைப் பார், ஹோஸைப் பார், ஹோஸின் வாயில் இருக்கிற வலையைப் பார். அதெல்லாம் முடிந்த பிறகுதான் ஸ்க்ரூடிரைவர். எல்லாவற்றுக்கும் முன்னால், மெஷினை ஓட்டுகிற ஆள் யார் என்று கண்டுபிடித்து அந்த ஆளிடம் கேள்.

"ஆம்பிளகிட்ட கேக்காண்டாம்," என்பார். "அவனுக்கு பில்லு எங்க இருக்குன்னு மட்டுந்தான் தெரியும்."

மணவாளக்குறிச்சிப் பக்கம் ஒரு வீடு. தண்ணீர் வெளியேறுகிற நேரத்தில் மெஷின் நின்று கத்துகிறது. எனக்கு முன்னால் போன இரண்டு பேரும் போர்டு போய்விட்டது, மாற்றவேண்டும் என்று சொல்லிவிட்டு வந்திருந்தார்கள். நான் பம்பைக் கழற்றினேன். அந்தப் பம்பின் நடுவில் சுற்றுகிற உருளை ஒரு காந்தம். கடற்கரைக் கருமணல், வீட்டுக்காரரின் கால்சட்டைப் பையிலிருந்தும் மடிப்பிலிருந்தும் இறங்கி, அந்தக் காந்தத்தில் தாடி மாதிரி ஒட்டிக்கொண்டு இருந்தது. பழைய டூத் பிரஷால் தேய்த்துக் கழுவி மாட்டினேன், ஓடியது. எந்தப் பயிற்சிப் படத்திலும் அந்த மணல் கிடையாது.

மறுநாள் சார் எல்லாரையும் நிற்கவைத்து அதைச் சொன்னார். "மெஷின் சத்தம் போட்டா அது நம்மகிட்ட எதையோ சொல்லுதுன்னு அர்த்தம். அதுக்க வாயப் பொத்தியவன் மெக்கானிக் இல்ல." அன்றைக்கு அவருக்காக எந்தக் காட்டுக்கும் போயிருப்பேன்.

இனி அந்த ஒரு வேலையைப் பற்றிச் சொல்கிறேன். 2009 அல்லது 2010 இருக்கும். ஒரு காலையில் சென்டர் வாசலில் ஒருவர் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார். உள்ளே வாருங்கள், செருப்போடு வரலாம் என்று சொல்லியும் கேட்கவில்லை. கொட்டாரத்தில் பலசரக்குக் கடை வைத்திருக்கிற சிவதாணு என்று தன்னைச் சொல்லிக்கொண்டார். ஒரே மகள் சுபா. ஆவணி மாதம் கல்யாணம் முடித்து குழித்துறைக்கு அனுப்பியிருக்கிறார். கட்டில், பீரோ, பிரிட்ஜோடு ஒரு வாஷிங் மெஷினும் கொடுத்திருக்கிறார். முன்பக்கம் கதவு வைத்த மாடல், அன்றைக்குக் கடையில் இருந்ததிலேயே உயர்ந்தது.

"புதுசு அண்ணாச்சி," என்றார். "பெட்டி பிரிச்சது எனக்க முன்னாலதான். ஆனா அவிய பழசுன்னு சொல்லுதாவ."

பெண்ணைக் கொடுக்கிறவன் பொருளையும் கொடுக்கவேண்டும் என்று நம் ஊரில் யார் சட்டம் போட்டானோ தெரியாது. கொடுக்கிறவன் கடன்காரன் மாதிரி நடுங்கிக்கொண்டு கொடுப்பான், வாங்குகிறவன் தர்மம் செய்கிற முகத்தோடு வாங்குவான். இரண்டு பக்கமும் காலேஜ் படித்திருப்பார்கள். எத்தனையோ கல்யாண வீட்டில் மெஷின் மாட்டியிருக்கிறேன். ஒரு வீட்டிலாவது இது வேண்டாம் என்று சொல்லிக் கேட்டதில்லை.

சிவதாணு செய்தது இதுதான். மாப்பிள்ளை வீட்டில் போய்ப் பிரித்து, ஓடாமல் போய், யாராவது ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் என்ன செய்வது என்று பயந்திருக்கிறார். அதனால் மெஷினைக் கொட்டாரத்தில் தன் வீட்டிலேயே இறக்கி, எங்கள் சென்டர் ஆளை வரவழைத்து மாட்டச் சொல்லி, தன் வேட்டி ஒன்றைப் போட்டு ஓட்டிப் பார்த்திருக்கிறார். நன்றாக ஓடியது. துடைத்து, சிவப்பு ரிப்பன் கட்டி, டெம்போவில் கட்டிலோடு ஏற்றி அனுப்பினார். மகளுக்கு ஒரு குறையும் வரக்கூடாது என்று அவர் செய்த காரியம் அது. அதுவே மெஷினைக் கெடுத்தது.

ஏன் என்று சொல்லவேண்டும். இந்த வகை மெஷினுக்குள் தொட்டி ஸ்பிரிங்கில் தொங்குகிறது. அடியில் அதைத் தாங்க இரண்டு தண்டுகள், பைக்கின் ஷாக் அப்சார்பர் மாதிரி. வண்டியில் போகும்போது தொட்டி ஆடாமல் இருக்க, கம்பெனியிலேயே பின்னால் நீளமான போல்ட்டுகளைச் செருகி முறுக்கி அனுப்புவார்கள். மாட்டும்போது அவற்றைக் கழற்றவேண்டும், கழற்றிக் கவரில் போட்டு வீட்டுக்காரர் கையில் கொடுக்கவேண்டும். மெஷினை மறுபடி எங்காவது கொண்டுபோனால் திரும்ப மாட்ட வேண்டும். எங்கள் ஆள் போல்ட்டைக் கழற்றினான். கவரும் கொடுக்கவில்லை, சொல்லவும் இல்லை. கல்யாணப் பந்தல் போட்ட வீடு, மூலையில் பிரிக்காத பீரோ, வாசலில் வாழைக்குலை. இந்த மெஷின் இங்கேயா இருக்கப்போகிறது என்று ஒரு கேள்வி கேட்க அவனுக்கு வாய் வரவில்லை.

கொட்டாரத்திலிருந்து குழித்துறைக்கு அன்றைய ரோட்டில் போனவர்களுக்குத் தெரியும். தக்கலை தாண்டுவதற்குள் குடல் வாய்க்கு வந்துவிடும். அந்த வழி முழுவதும் உள்ளே அந்தத் தொட்டி அவிழ்த்துவிட்ட மாடு மாதிரி முட்டிக்கொண்டே போயிருக்கிறது.

மாப்பிள்ளை வீட்டில் கதவைத் திறந்தபோதே உள்ளே கொஞ்சம் தண்ணீர் நின்றதாம். ஓட்டிப் பார்த்த தண்ணீர். யாரோ உபயோகித்த மெஷின் என்று மாமியார் அப்போதே சொல்லிவிட்டாள். பிழிகிற நேரம் வந்ததும் தடதடவென்று இடித்து, நின்று, பீப் அடித்தது. ஒவ்வொரு நாளும் அதே கதை. உள்ளூர் மெக்கானிக் ஒருவன் மேல்மூடியைத் திறந்திருக்கிறான். உள்ளே தொட்டியின் மேல் கான்கிரீட் கட்டை. மாப்பிள்ளையின் அப்பாவுக்குக் குழித்துறை சந்தைப் பக்கம் சிமெண்ட், கம்பி வியாபாரம். கட்டையைப் பார்த்தவுடன் அவர் தீர்ப்பு சொல்லிவிட்டார்: எங்கேயோ உடைந்த பழைய மெஷினைச் சிமெண்ட் வைத்து ஒப்பேற்றி நம் தலையில் கட்டிவிட்டான்.

அதற்குப் பிறகு நடந்ததைச் சிவதாணு சொன்னபோதுதான் எனக்கு உடம்பு எரிந்தது. மாமியார் தினமும் காலையில் ஒரே ஒரு துண்டைப் போட்டாவது மெஷினை ஓட்டுவாளாம். அது கத்த ஆரம்பித்தால் நிறுத்த விடமாட்டாளாம். அடுத்தடுத்து வீடுகள் இருக்கிற தெரு. கேட்கட்டும், இவள் அப்பன் கொடுத்த மெஷினின் லட்சணத்தை ஊர் கேட்கட்டும் என்று பின்வாசல் கதவைத் திறந்து வைப்பாளாம். சுபா பக்கத்தில் நிற்கவேண்டும். அந்தத் தெருவில் அவளுக்கு 'கூவுற மெஷினுக்காரி' என்று பெயர் விழுந்துவிட்டது. அவள் இதை அப்பாவிடம் போனில் அழாமல் சொன்னாளாம். அழுதிருந்தால்கூடப் பயந்திருக்க மாட்டேன் என்றார் சிவதாணு.

கம்ப்யூட்டரில் பார்த்தேன். கொட்டாரத்தில் மாட்டியது எங்கள் ஆள்தான். சாரிடம் போய்ச் சொன்னேன். அவர் கண்ணாடியைக் கழற்றிக் கைக்குட்டையில் துடைத்தார்.

"போய்ப் பாரு. பாத்துட்டு, வண்டில கொண்டுபோனதுல வந்த சேதம்னு மட்டும் சொல்லு. வேற வாய் தொறக்காண்டாம்."

நானும் சிவதாணுவும் அன்றே குழித்துறைக்குப் போனோம். நல்ல பெரிய வீடு, வழுவழு தரை, முன்னால் கார். எனக்கு நாற்காலி போட்டார்கள். மெக்கானிக்குக்கு நாற்காலி போடுகிறவர்கள் பெண்ணின் அப்பாவை முற்றத்தில் நிற்கவைத்தார்கள். அவரை உட்காரச் சொல்ல அந்த வீட்டில் ஒருவருக்கும் நாக்கு எழும்பவில்லை. அதைப் பார்த்துவிட்டு நானும் உட்காரவில்லை.

சத்தம் எப்போது வருகிறது என்று கேட்டேன். மாப்பிள்ளை ஸ்ரீகுமார் செல்போனிலிருந்து தலையைத் தூக்காமலே எப்போதும் வருகிறது என்றான். ஓட்டுகிற ஆளிடம்தான் கேட்பேன் என்றேன். சுபா வந்தாள். தண்ணீர் ஏறும்போது ஒன்றுமில்லை, துவைக்கும்போதும் ஒன்றுமில்லை, தண்ணீர் முழுக்கப் போய்ப் பிழிய ஆரம்பிக்கும்போது வலது பக்கம் இடிக்கிறது, பிறகுதான் பீப் என்று சொன்னாள். துணியைக் குறைத்துப் பார்த்தேன், காலுக்கடியில் அட்டை வைத்துப் பார்த்தேன், மாற்றம் இல்லை என்றாள். எங்கள் சென்டரில் பாதிப் பேர் அவ்வளவு தெளிவாகச் சொல்லமாட்டார்கள். அத்தனை அவமானத்துக்கு நடுவிலும் அவள் அந்தச் சத்தத்தைக் காது கொடுத்துக் கேட்டிருக்கிறாள்.

மேல்மூடியைத் திறந்தேன். தொட்டியை அழுத்தி விட்டால் நேராக எழும்பி நிற்கவேண்டும். இது வலது பக்கம் சாய்ந்துகொண்டது. ஒரு ஸ்பிரிங் கொக்கியிலிருந்து கழன்று கிடந்தது. கீழே தாங்கு தண்டின் ஊசி முறிந்திருந்தது. தகரத்தின் உட்பக்கம் தொட்டி உரசிய கீறல் பளபளவென்று இருந்தது. கான்கிரீட் கட்டையின் ஒரு முனை உடைந்து, பொடி அடியில் சிதறியிருந்தது. சுபாவின் மாமனார் அந்தப் பொடியை எடுத்து விரலில் தேய்த்தார்.

"சிமெண்டப் பத்தி எனக்குப் படிப்பிக்காண்டாம்," என்றார். "நான் சிமெண்டு வித்து நரைச்சவன்."

இந்த வகை மெஷின் எல்லாவற்றிலும் கான்கிரீட் கட்டை இருக்கும், எடை இல்லாவிட்டால் பிழிகிற வேகத்தில் மெஷின் எழும்பிக் குதிக்கும், கம்பெனியே வைத்து அனுப்புவது என்று பொறுமையாகச் சொன்னேன். அவர் சிரித்தார். உன் மேலே இருக்கிறவன் சொல்லட்டும், நம்புகிறேன் என்றார்.

வெளியே போய் சாருக்குப் போன் போட்டேன். அந்தக் கட்டை கம்பெனி வைத்ததுதான் என்று ஒரே ஒரு வரி இவரிடம் சொல்லுங்கள், அதைத் தவிர வேறு எதுவும் வேண்டாம், ஒரு பெண்ணின் வாழ்க்கை இதில் நிற்கிறது என்று கெஞ்சினேன். கெஞ்சினேன் என்று எழுத இப்போதும் கூச்சமாகத்தான் இருக்கிறது. அவர் வழக்கம்போல மெதுவாகப் பேசினார்.

"மெஷின் நல்ல மெஷின்னு நான் சொன்னா, பொறவு கெட்டது எப்பிடின்னு கேப்பான். போல்ட்டு கதை வரும். நம்ம ஆளு பேரு வரும். அவங்க குடும்பத் தகராறு நமக்கு எதுக்கு? நீ வா."

போனை வைத்துவிட்டார். காந்தத்தில் ஒட்டிய மணலுக்காக என்னை நிற்கவைத்துப் பாராட்டிய அதே வாய். திட்டியிருந்தால், கத்தியிருந்தால் எனக்கு இவ்வளவு கோபம் வந்திருக்காது. இத்தனை வருடம் அந்த மெல்லிய குரலை மரியாதை என்று நினைத்துக் குனிந்திருக்கிறேனே என்று தோன்றியது.

உள்ளே போய் எல்லாவற்றையும் சொன்னேன். மெஷின் புதுசு. இவர் உங்கள் வாயில் ஒரு வார்த்தை வந்துவிடக்கூடாது என்று பயந்து, தன் வேட்டியைப் போட்டு ஓட்டிப் பார்த்தார், உள்ளே நின்றது அந்தத் தண்ணீர். கழற்றிய போல்ட்டைத் திரும்ப மாட்டவேண்டும் என்று சொல்லாமல் போனவன் எங்கள் ஆள், தப்பு எங்கள் சென்டருடையது. ஸ்பிரிங்கும் தண்டும் மாற்றினால் இது இன்னும் எத்தனையோ வருடம் ஓடும், நானே வரவழைத்து மாட்டித்தருகிறேன். இவ்வளவும் சொன்னேன். பின்வாசலுக்கும் கேட்கட்டும் என்று சத்தமாகவே சொன்னேன்.

இதற்கு எனக்குக் கிடைத்ததையும் சொல்லிவிடுகிறேன். அதற்குப் பிறகு டவுன் பக்கம் ஒரு வேலைகூட எனக்குத் தரவில்லை. குலசேகரத்துக்கு மேலே ரப்பர் தோட்டத்து வீடுகள்தான், மழையிலும் வெயிலிலும், நான் ஓய்வு பெறும்வரை. ஏன் என்று சார் ஒரு வார்த்தை சொன்னதில்லை, முகம் சுளித்ததும் இல்லை. அவர் ஓய்வுபெற்ற நாளில் மாலை போட்டு போட்டோ எடுத்தார்கள். நான் போகவில்லை. நான் அவரை இன்னும் மன்னிக்கவில்லை, மன்னிக்கிற உத்தேசமும் இல்லை.

குழித்துறை வீட்டில் நான் சொல்லி முடித்தேன். உண்மை தெரிந்துவிட்டது, இனி அந்த மனிதரை உட்காரச் சொல்வார்கள் என்று நான் நினைத்தேன். அவ்வளவு வயதாகியும் அப்படி நினைத்தேன். மாமியார் சேலைத் தலைப்பை இழுத்துச் சொருகிக்கொண்டு முன்னால் வந்தாள்.

"அப்பம் கெடுத்தது இவளுக்க அப்பன் தானே? தட்டிக்கூட்டின மெஷினு எங்களுக்கு வேண்டாம். புதுசு ஒண்ணு கொண்டு வந்து தரட்டு."

நேற்றுவரை பழசு என்றவள், அது புதுசு என்று ஆனதும் ஒரு நொடிகூடத் தடுமாறவில்லை. அப்போதுதான் எனக்கு விளங்கியது. நான் எத்தனை ஸ்பிரிங் மாற்றினாலும் அந்த வீட்டில் சத்தம் நிற்காது. மெஷின் ஒழுங்காக ஓடினால் பிரிட்ஜ் கெட்டுப்போகும், பிரிட்ஜ் ஓடினால் கட்டில் ஆடும்.

சிவதாணு முற்றத்திலிருந்தே கையைக் கூப்பினார். வெள்ளிக்கிழமைக்குள் புது மெஷின் வந்து இறங்கும் என்றார். அதைச் சொல்லும்போது அவர் மகளைப் பார்க்கவில்லை. ஸ்ரீகுமார் அப்போதுதான் செல்போனைப் பையில் போட்டான். "மாமா, அப்பிடியே பெரிய சைஸ் பாத்து எடுங்க," என்றான்.

சுபா மெஷினின் பக்கத்தில்தான் நின்றுகொண்டிருந்தாள். அழவில்லை, யாரையும் திட்டவில்லை. என்னிடம் திரும்பினாள்.

"அண்ணே, அந்த போல்ட்டு ஒங்க பையில உண்டா?"

உண்டு என்றேன்.

"மாட்டித் தாங்க. வண்டில ஏத்தணும்." பிறகு முற்றத்தைப் பார்த்து, "அப்பா, ஒரு டெம்போ பிடியுங்க. நானும் வாறேன்," என்றாள்.

சிவதாணு அப்படியே நின்றார். நான்தான் அவர் தோளைத் தொட்டு, போங்கள் அண்ணாச்சி, சந்தை முக்கில் வண்டி நிற்கும் என்று அனுப்பினேன். ஸ்பிரிங்கைக் கொக்கியில் மாட்டி, தொட்டியை நிமிர்த்தி, பின்னால் போல்ட்டுகளைச் செருகி ஒவ்வொன்றாக முறுக்கினேன். அவள் உள்ளே போய் ஒரு பையோடு வந்தாள். அந்த வீட்டில் ஒருவரும் எழுந்திருக்கவில்லை. பெண்ணை நிறுத்துங்கள், நாலு பேரை வைத்துப் பேசலாம் என்று யாராவது சொல்வார்கள் என்று மெதுவாகவே முறுக்கினேன்.

டெம்போ வந்தது. டிரைவரும் நானும் மெஷினை வாசல்வரை நகர்த்தினோம். அப்போதுதான் மாமியார் எழுந்து வந்து வாசலை மறித்தாள்.

"அவ போறதெங்கி போவட்டு," என்றாள். "மெஷினு இஞ்ச கெடக்கட்டு."

நான் அவள் முகத்தைப் பார்த்தேன். விளையாட்டுக்குச் சொல்லவில்லை, நிஜமாகவே கேட்கிறாள். சுபா அதைக் கேட்டுவிட்டு அவளைத் தாண்டிப் போய் டிரைவர் சீட்டின் பக்கத்தில் ஏறி உட்கார்ந்தாள். தள்ளுங்க என்று மாமியாரிடம் சொல்லிவிட்டு, ஒரு பக்கம் டிரைவரும் ஒரு பக்கம் நானுமாக மெஷினைத் தூக்கி வண்டியில் வைத்தோம்.